தலைமுடியில் இருக்கும் சக்தி: நைஜீரிய மண்ணின் சூப்பர்ஹீரோ கதைகளுக்கு ஓர் அறிமுகம்

சூப்பர்ஹீரோ கதை கேட்கும் குழந்தைகள் எல்லோரும் ஒரு கட்டத்தில் ஒரே கேள்வியைக் கேட்பார்கள்: "இவனுக்கு இந்தச் சக்தி எப்படி வந்தது?" என் மகளும் அதைத்தான் கேட்பாள். ஒருவனைச் சிலந்தி கடித்தது, இன்னொருவன் வேறு கிரகத்தில் பிறந்தவன், மற்றொருவனிடம் கொட்டிக் கிடக்கிறது பணம். இப்படி ஒவ்வொரு கதைக்கும் ஒரு பதில் இருந்தது, அவளும் தலையாட்டிவிட்டுப் போய்விடுவாள். போன கோடை விடுமுறையில் நாங்கள் சேர்ந்து படித்த நாவலில் மட்டும் அவள் தலையாட்டவில்லை. அதில் வரும் சிறுமியின் சக்தி அவளுடைய தலைமுடியில் இருந்தது. எப்படி வாரினாலும் அடங்காத, அவளே கூச்சப்பட்டு மறைக்கப் பார்க்கிற சுருட்டை முடி. நீச்சல் குளத்தில் தோழி மூழ்கப்போகும்போது அந்த முடி தானாக நீண்டு போய் அவளைத் தண்ணீரிலிருந்து இழுத்து எடுக்கிறது. என் மகள் அந்தப் பக்கத்தில் விரலை வைத்துக்கொண்டு தன்னுடைய சுருட்டை முடியைத் தொட்டுப் பார்த்தாள். "முடியிலயா? ஏன் முடி?" என்றாள்.

அந்த 'ஏன் முடி' என்ற கேள்விக்குப் பதில் தேடிப் போனதில்தான் நைஜீரியக் கதைகளின் உலகம் எனக்குப் பிடிபட ஆரம்பித்தது. அதை முதல்முறையாகக் கேள்விப்படுகிறவர்களுக்காக இதை எழுதுகிறேன்.

நாவலின் பெயர் 'ஒன்யேகா அண்ட் தி அகாடமி ஆஃப் தி சன்'. 2022இல் வந்தது. எழுதியவர் டோலா ஒகோக்வு. நைஜீரியாவின் லாகோஸ் நகரில் பிறந்து லண்டனில் வளர்ந்தவர், சுருட்டை முடியைப் பராமரிப்பது பற்றியும் நிறைய எழுதியவர். லண்டனில் அம்மாவோடு வாழும் ஒன்யேகா, நைஜீரியர்களுக்கு மட்டுமே வாய்க்கும் அபூர்வ சக்தி தனக்கும் இருப்பதைத் தெரிந்துகொண்டு, அதைப் பழக நைஜீரியாவில் இருக்கும் ஒரு பள்ளிக்குப் போகிறாள். அந்தச் சக்திக்குக் கதையில் 'இகே' என்று பெயர். இகே என்பது நைஜீரியாவின் பெரிய மொழிகளில் ஒன்றான இக்போவில் வலிமை, ஆற்றல் என்று பொருள்படும் அன்றாடச் சொல். இதற்கு மேல் கதையைச் சொல்லப்போவதில்லை, படிக்கப்போகிறவர்களுக்கு விட்டுவிடுகிறேன்.

சரி, இந்த வகைக் கதையை எப்படி அடையாளம் காண்பது? சூப்பர்ஹீரோ கதை என்றால் மற்றவர்களுக்கு இல்லாத ஒரு சக்தி, அதை மறைக்க வேண்டிய கட்டாயம், பிறரைக் காப்பாற்ற அதைப் பயன்படுத்தும் பொறுப்பு ஆகியவை இருக்கும். மிகுபுனைவு என்றால் நம் உலகத்துக்கு இல்லாத விதிகளோடு ஓர் உலகம் இருக்கும். சிறுவர் நாவலில் நாயகியின் வயது வாசகரின் வயதை ஒட்டியே இருக்கும். இது எல்லோருக்கும் தெரிந்த சங்கதி. இவற்றோடு ஒரு பண்பாடு சேரும்போது என்ன ஆகிறது என்பதுதான் விஷயமே.

அதைச் சோதித்துப் பார்க்க நான் ஒரு வழி வைத்திருக்கிறேன். கதையை அப்படியே பெயர்த்து நியூயார்க்கில் கொண்டுபோய் வையுங்கள். மனிதர்களின் பெயரையும் சாப்பாட்டையும் மாற்றினால் கதை நிற்கிறது என்றால் அந்தப் பண்பாடு வெறும் உடுப்பு. கதை நிற்காமல் சரிந்துவிட்டால் அது வேர்.

உடுப்புக்கு ஓர் உதாரணம் உண்டு. 1975இல் நைஜீரியச் சந்தைக்கென்றே 'பவர்மேன்' என்ற காமிக்ஸ் வந்தது. நாயகன் கறுப்பின வீரன், அபார பலசாலி, பாம்புக் கடி ஒன்றுக்குத்தான் அஞ்ச வேண்டும். ஆனால் அது பிரிட்டனில் தயாரானது. வரைந்தவர்கள் டேவ் கிப்பன்ஸ், பிரையன் போலண்ட் என்ற இரண்டு பிரிட்டிஷ் இளைஞர்கள். பிற்காலத்தில் காமிக்ஸ் உலகில் பெரும் புகழ் பெற்றவர்கள் அவர்கள், கைத்திறமையில் குறை சொல்ல முடியாது. ஆனாலும் அந்த வீரனின் சக்தி நைஜீரியாவின் எந்த நம்பிக்கையிலிருந்தும் கிளம்பவில்லை. ஆப்பிரிக்கா என்றால் பாம்பு என்ற வெளியார் பார்வைதான் அவனுடைய பலவீனமாகவும் போயிற்று.

வேர் எப்படி இருக்கும் என்று பார்க்க அதற்கும் முன்னால் போக வேண்டும். சூப்பர்மேன் முதன்முதலில் அச்சில் வந்தது 1938இல். அதே 1938இல் நைஜீரியாவின் இன்னொரு பெரிய மொழியான யோருபாவில் டி. ஓ. ஃபகுன்வா ஒரு நாவல் வெளியிட்டார். அந்த மொழியின் முதல் முழுநீள நாவல்களில் ஒன்று. மந்திரம் தெரிந்த ஒரு வேட்டைக்காரன் ஆவிகள் குடியிருக்கும் காட்டுக்குள் போய்த் திரும்பி வரும் கதை. பல தலைமுறைப் பிள்ளைகள் பள்ளியில் படித்து வளர்ந்த புத்தகம் அது. பின்னாளில் நோபல் பரிசு பெற்ற வோலே சொயிங்கா 1968இல் அதை ஆங்கிலத்தில் கொண்டுவந்தார். ஆக, நைஜீரியாவில் அதிசயக் கதை என்பது அமெரிக்காவிலிருந்து இறக்குமதியான சரக்கு அல்ல. கண்முன்னே சொந்தச் சரக்கு இருந்தது.

இன்னொன்றும் 1938இல்தான் நடந்தது. யோருபா மக்களின் இஃபே நகரில் ஒரு வீட்டுக்கு அஸ்திவாரம் தோண்டும்போது மண்ணுக்குள்ளிருந்து உலோகத் தலைகள் வரிசையாக வெளிவந்தன. பல நூற்றாண்டுகளுக்கு முன்பு வார்க்கப்பட்டவை. கிட்டத்தட்ட உண்மை அளவிலான முகங்கள், நெற்றியிலிருந்து தாடை வரை மெல்லிய கோடுகள், உயிருள்ள ஆள் கண்ணைத் தாழ்த்திப் பார்ப்பது போன்ற அமைதி. வெறும் தலைகள். ஏன் தலைகளை மட்டும் இப்படிப் பார்த்துப் பார்த்துச் செய்தார்கள்? மகள் கேட்ட கேள்விக்கு இங்கேதான் பதில் தொடங்குகிறது.

யோருபா மொழியில் தலைக்கு 'ஓரி' என்று பெயர். கண்ணுக்குத் தெரியும் தலை ஒன்று, அதற்குள்ளே தெரியாத உள்தலை ஒன்று. ஒருவருடைய வாழ்க்கைப் போக்கு முழுவதும் அந்த உள்தலையில் இருக்கிறது என்பது நம்பிக்கை. நாம் தலையெழுத்து என்று சொல்வோமே, அதற்கு மிக நெருக்கமாக வருகிறது. ஆனால் ஒரு வித்தியாசம், அதுதான் எனக்கு ரொம்பப் பிடித்தது. நம் தலையெழுத்தை எழுதுகிறவர் வேறொருவர். யோருபா மரபில் தலையை நாமே தேர்ந்தெடுத்துக்கொண்டு வருகிறோம்.

பிறப்பதற்கு முன் ஒவ்வொருவரும் விண்ணுலகில் அஜாலா என்ற குயவரின் வீட்டுக்குப் போக வேண்டும். அங்கே களிமண்ணால் செய்த தலைகள் அடுக்கி வைக்கப்பட்டிருக்கும். அஜாலா நல்ல கைத்தொழில்காரர்தான், ஆனால் கவனக்குறைவானவர். சில தலைகள் சூளையில் சரியாக வேகாதவை, சிலவற்றில் விரிசல். வெளியிலிருந்து பார்த்தால் எல்லாம் ஒன்றுபோல இருக்கும். பளபளவென்று இருக்கிறதே என்று ஒன்றை எடுத்து மாட்டிக்கொண்டு பூமிக்குக் கிளம்பினால் வழியில் மழை பிடித்துக்கொள்ளும். வேகாத தலை மழையில் கரைந்துபோகும். நன்றாக வெந்த தலைக்காரர் நனைந்தபடியே வந்து சேர்ந்து நன்றாக வாழ்வார். மோசமான தலை எடுத்தவர்களுக்கும் வழி உண்டு. உழைத்து, படையலிட்டு, அதைக் கொஞ்சம் கொஞ்சமாகச் செப்பனிடலாம். இந்தக் கதையை ஒரு குழந்தைக்குச் சொல்லிவிட்டு, 'நீயாக இருந்தால் எந்தத் தலையை எடுப்பாய்' என்று கேட்டுப் பாருங்கள், அரை மணி நேரம் பேசுவார்கள்.

அதனால்தான் யோருபா மரச்சிற்பங்களில் தலை உடம்புக்குப் பொருந்தாத அளவு பெரிதாக இருக்கும். உடம்பின் மொத்த உயரத்தில் கால்பங்கு, சிலவற்றில் மூன்றிலொரு பங்கு. சிற்பிக்கு அளவு தெரியாமல் அல்ல, எது முக்கியமோ அதைப் பெரிதாகச் செதுக்கினார். தலை அவ்வளவு முக்கியம் என்றால் அதன்மேல் வளரும் முடியை யார் தொடலாம், எப்படிப் பின்னலாம் என்பதும் சாதாரண விஷயமாக இருக்காது அல்லவா? பின்னல்களுக்குத் தனித்தனிப் பெயர் உண்டு. எல்லாப் பின்னல்களும் மேல்நோக்கி ஓடி உச்சந்தலையில் கூடையைப் போலச் சேர்ந்தால் 'ஷுக்கு'. உச்சியிலிருந்து நாலாபக்கமும் கவிழ்த்த வாளி போல இறங்கினால் 'கொரொபா'.

நூல் சுற்றும் முறையைத் தனியாகச் சொல்லியே ஆக வேண்டும். வகிடு எடுத்து முடியைச் சிறு சிறு பாத்திகளாகப் பிரிக்கிறார்கள். ஒரு பாத்தி முடியை அடியில் இறுக்கிப் பிடித்து, கறுப்பு நூலை வேரிலிருந்து நுனிவரை இடைவெளியில்லாமல் சுற்றிக்கொண்டே போகிறார்கள். சுற்றி முடிந்ததும் அந்த முடி குச்சிபோல விறைத்து நிற்கும், ஆனால் கம்பிபோல வளைக்கவும் முடியும். அப்புறம் அந்தக் குச்சிகளை வளைத்து, ஒன்றோடொன்று கட்டி, வளைவு, கோபுரம், பாலம் என்று என்ன வேண்டுமானாலும் செய்யலாம். லாகோஸின் ஏக்கோ பாலத்தின் பெயரிலேயே ஒரு சிகையலங்காரம் உண்டு. 'ஒனிலே கொகோரோ' என்று ஒன்று, உயர்ந்த மாடிக் கட்டடம் என்று பொருள். நாடு 1960இல் விடுதலையானது, நகரங்களில் பாலங்களும் மாடிகளும் எழும்பின, பெண்கள் அதைத் தலையில் கட்டிக் காட்டினார்கள். ஜே. டி. ஒகாய் ஒஜெய்கெரே என்ற புகைப்படக் கலைஞர் 1968 முதல் திருமண வீடு, தெரு, அலுவலகம் என்று அலைந்து ஏறக்குறைய ஆயிரம் சிகையலங்காரங்களைக் கறுப்பு வெள்ளையில் படமெடுத்தார். பெரும்பாலும் பின்னந்தலையைத்தான் எடுத்தார். அந்தப் படங்களை இணையத்தில் தேடிப் பாருங்கள். முடியால் பாலம் கட்டுகிற ஊரில் முடியால் தோழியைக் காப்பாற்றும் சிறுமி பிறப்பது எவ்வளவு இயல்பு என்று உங்களுக்கே தெரியும்.

இதில் நேரடியாகச் சக்தியோடு தொடர்புள்ள இன்னொரு நம்பிக்கை 'தாதா' குழந்தைகள். பிறக்கும்போதே, அல்லது சிறு வயதிலேயே, முடி தானாகச் சடைசடையாகத் திரித்துக்கொள்ளும் குழந்தையை யோருபா மக்கள் தாதா என்று அழைப்பார்கள். இக்போ மக்களிடமும் இந்த நம்பிக்கை உண்டு. அந்த முடியைச் சீவக் கூடாது, சடங்கில்லாமல் வெட்டக் கூடாது, வெட்டினால் பிள்ளைக்குக் காய்ச்சல் வரும் என்பார்கள். முடியில் சோழி கோத்துவிடுவதும் உண்டு. தாதா பிள்ளைக்கு மற்றவர்களுக்கு இல்லாத ஏதோ ஒன்று இருக்கிறது என்று ஊரே நம்பும், கூடவே கொஞ்சம் அஞ்சவும் செய்யும். சூப்பர்ஹீரோவைப் பற்றி ஊர் நினைப்பதும் இதேதானே? மறுபுறம், பல பள்ளிக்கூடங்களில் மாணவிகள் முடியை ஒட்ட வெட்ட வேண்டும், அல்லது பள்ளி சொல்லும் பின்னலைத்தான் போட வேண்டும் என்று விதி இருக்கிறது. புலம்பெயர்ந்த ஊர்களில் சுருட்டை முடி கேலிக்கு ஆளாகிறது. ஒரு பக்கம் கிரீடம், மறுபக்கம் தொந்தரவு. இந்த இரண்டுக்கும் நடுவில் நிற்கும் சிறுமியைப் பற்றித்தான் அந்த நாவல் பேசுகிறது.

முடிக்கு அடுத்து முகமூடி. சூப்பர்ஹீரோ என்றதும் முகமூடி நினைவுக்கு வரும். உள்ளே இருப்பது யார் என்று கண்டுபிடிக்க வில்லன் துடிப்பான், முகமூடி கழன்றால் கதை உச்சத்துக்குப் போகும். யோருபா ஊர்களில் 'எகுங்குன்' என்ற வேடம் வரும். தலை முதல் கால் வரை அடுக்கடுக்கான துணி, சுழன்றால் துணிகள் குடைபோல விரியும், ஒரு துளி தோலும் வெளியே தெரியாது. அங்கே உள்ளே இருப்பது யார் என்று கேட்பதே தப்பு. காரணம், வந்திருப்பது பக்கத்து வீட்டுக்காரர் அல்ல, முன்னோர். நம் ஊரில் ஒருவர் மேல் சாமி இறங்கியிருக்கும்போது அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவோமா? அதுபோலத்தான். மேற்கத்தியக் கதையில் முகமூடி ஒருவரை மறைக்கிறது, இங்கே முகமூடி ஒருவரை வரவழைக்கிறது. இதை அறிந்த எழுத்தாளர் முகமூடிக் காட்சி எழுதினால் அதன் பயமும் மரியாதையும் வேறு மாதிரி இருக்கும்.

பெயர்களையும் இரட்டையரையும் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். உலகத்திலேயே இரட்டைப் பிள்ளைகள் அதிகம் பிறக்கும் மக்களில் யோருபா மக்கள் முன்வரிசையில் இருக்கிறார்கள். முதலில் பிறந்தது ஆணோ பெண்ணோ, பெயர் தைவோ. அடுத்தது கெஹிண்டே. ஆனால் மூத்தவர் கெஹிண்டேதான்! 'நீ போய் உலகம் எப்படி இருக்கிறது என்று ருசி பார்த்துச் சொல்' என்று தைவோவை முன்னால் அனுப்பிவிட்டு, அப்புறம் ஆற அமர வந்தவர் அவர். ஒரு நாவலில் இரட்டையர் வந்தால் யார் யாருக்குக் கட்டளையிடுகிறார் என்பது இதிலேயே தீர்ந்துவிடும். இக்போ மக்களிடம் 'சி' என்று ஒன்று உண்டு, ஒவ்வொருவருக்கும் உரிய தனித் தெய்வத் துணை. ஒருவர் 'ஆம்' என்று உறுதியாகச் சொன்னால் அவருடைய சியும் 'ஆம்' என்று சொல்லும் என்பது பழமொழி. அதாவது சக்தி இருந்தால் மட்டும் போதாது, அதற்கு நீ சம்மதிக்க வேண்டும். சக்தி பெற்ற பிள்ளை முதலில் அதை ஏற்க மறுப்பது எல்லா சூப்பர்ஹீரோ கதையிலும் வரும் கட்டம்தான். இக்போ மண்ணில் அதற்கு இப்படி ஓர் அடித்தளம் ஏற்கெனவே இருக்கிறது.

இவ்வளவையும் படித்துவிட்டு இது ஏதோ பழங்கதைக் கண்காட்சி என்று நினைத்துவிட வேண்டாம். இந்தக் கதைகள் மஞ்சள் நிற டான்ஃபோ வேன்கள் ஹாரன் அடித்துக்கொண்டு நெருக்கும் லாகோஸிலும் நடக்கும். நைஜீரியத் தெருக்களில் மின்சாரம் போய்த் திரும்ப வந்ததும் குழந்தைகள் எல்லாம் ஒரே குரலில் "அப் நேப்பா!" என்று கத்துவார்கள். நேப்பா என்பது 1972இல் தொடங்கிய மின்வாரியத்தின் சுருக்கப் பெயர். 2005இல் அந்தப் பெயர் போயிற்று, கத்தல் மட்டும் போகவில்லை. மின்சாரத்துக்காகக் காத்திருந்து பழகிய தெருவிலிருந்து வரும் எழுத்தாளர், எதிர்கால நைஜீரியாவைக் கற்பனை செய்யும்போது அதில் எல்லா விளக்கும் எரிந்தால் அதற்கு என்ன அர்த்தம் என்று அந்தத் தெருப் பிள்ளைகளுக்குத் தெரியும். இப்படி ஆப்பிரிக்காவிலேயே வேர்கொண்டு எதிர்காலத்தைப் பார்க்கும் எழுத்துக்கு நைஜீரிய அமெரிக்க எழுத்தாளர் நெடி ஒகோராஃபோர் 'ஆப்பிரிக்கன்ஃபியூச்சரிசம்' என்று பெயர் வைத்தார். ஏற்கெனவே அமெரிக்காவில் புழங்கிய 'ஆஃப்ரோஃபியூச்சரிசம்' என்ற சொல் அமெரிக்கக் கறுப்பினத்தவரின் அனுபவத்தை நடுவில் வைக்கிறது, தன் எழுத்தின் நடுவில் இருப்பது ஆப்பிரிக்கா என்பது அவர் வாதம். கேட்க ஓர் எழுத்து வித்தியாசம் போலத் தோன்றும், உண்மையில் கதை எங்கே நின்றுகொண்டு பேசுகிறது என்பதே மாறிவிடுகிறது.

மரியாதை விஷயமும் உண்டு. யோருபா வீட்டில் பெரியவரைப் பார்த்தால் பையன்கள் தரையில் விழுந்து வணங்குவார்கள், பெண்பிள்ளைகள் மண்டியிடுவார்கள். ஊரைக் காப்பாற்றிவிட்டு வந்த வீராங்கனையும் வாசலில் பாட்டியைப் பார்த்ததும் மண்டியிடத்தான் வேண்டும். யோருபாவில் நம் நீ, நீங்கள் போலவே இரண்டு சொற்கள் இருக்கின்றன, 'ஒ', 'எ' என்று. ஆங்கிலத்தில் எழுதும்போது இந்த வித்தியாசம் காணாமல் போகும். மகளுக்குத் தமிழில் சொல்லும்போது மட்டும் அது தானாகத் திரும்ப வந்துவிடுகிறது. பள்ளித் தலைவரிடம் அந்தச் சிறுமி பேசும் இடங்களில் நான் யோசிக்காமலே 'நீங்கள்' என்று சொல்லியிருக்கிறேன்.

படிக்கத் தொடங்குகிறவர்கள் கவனிக்க வேண்டியது ஒன்று இருக்கிறது. நைஜீரியப் பண்பாடு என்று ஒற்றைப் பொருள் கிடையாது. 250க்கும் மேற்பட்ட இனக்குழுக்கள், சுமார் 500 மொழிகள். யோருபா, இக்போ, ஹௌசா என்ற மூன்றும் பெரியவை, ஒன்றுக்கொன்று வேறானவை. ஓரி யோருபாவுக்கு உரியது, சி இக்போவுக்கு உரியது. இரண்டையும் ஒரே சட்டியில் போட்டுக் கிளறக் கூடாது. அதேபோல ஷாங்கோ, ஓஷுன் போன்றவர்களைப் பழைய கிரேக்கத் தெய்வங்களைப் போல நினைத்துவிடவும் கூடாது. ஷாங்கோ ஓயோ நாட்டை ஆண்ட மன்னர், பிறகு இடியின் தெய்வமானவர், கையில் இருமுனைக் கோடாரி. ஓஷுன் ஆற்றின் தெய்வம். ஓஷோக்போ நகரில் அவருக்குரிய காட்டை யுனெஸ்கோ 2005இல் உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது. ஒவ்வோர் ஆகஸ்டிலும் அங்கே திருவிழா நடக்கிறது, மக்கள் ஆற்றங்கரையில் வேண்டிக்கொள்கிறார்கள். இன்றைக்கும் கும்பிடப்படும் தெய்வங்கள் அவர்கள். கதையில் அவர்கள் வரும் இடத்தை அந்த நினைப்போடு படிக்க வேண்டும்.

குழந்தையோடு படிப்பதாக இருந்தால் பெயர்களிலிருந்து தொடங்குங்கள். யோருபா எழுத்துகளுக்குக் கீழே புள்ளியும் மேலே சாய்கோடும் இருக்கும், அவை அலங்காரம் அல்ல. எஸ் எழுத்தின் கீழே புள்ளி இருந்தால் அது 'ஷ'. மேலே உள்ள கோடு குரலை ஏற்ற வேண்டுமா இறக்க வேண்டுமா என்று சொல்லும். 'ஒகொ' என்ற ஒரே சொல் குரல் ஏறி இறங்குவதைப் பொறுத்து கணவன், மண்வெட்டி, வண்டி என்று மூன்று அர்த்தம் தரும். நாங்கள் இதை ஒரு விளையாட்டாகவே ஆடினோம். கை உயர்ந்தால் குரல் மேலே, கை தாழ்ந்தால் குரல் கீழே.

அப்புறம் ஆமைக் கதைகள். யோருபாவில் இஜாபா, இக்போவில் ம்பே. வல்லமை எதுவும் இல்லாமல் புத்தியை மட்டும் வைத்துப் பிழைத்து, பேராசையால் அடிபட்டு, ஓடு நொறுங்கி, ஒட்டவைத்த ஓட்டோடு திரியும் ஆமை. நைஜீரியப் பிள்ளைகள் சூப்பர்ஹீரோவுக்கு முன்னால் கேட்டு வளர்வது இவரைத்தான். யோருபா வீட்டில் கதை சொல்பவர் "ஆலோ ஓ!" என்று கூப்பிட வேண்டும், கேட்பவர்கள் "ஆலோ!" என்று பதில் தர வேண்டும். பதில் வந்தால்தான் கதை தொடங்கும். எங்கள் வீட்டில் இப்போது எந்தக் கதைக்கும் அப்படித்தான். நான் விளக்கை அணைத்துவிட்டுக் கூப்பிடுகிறேன், இருட்டில் போர்வைக்குள்ளிருந்து பதில் வருகிறது.